பளிங்கும் படிகமும்

செப்பு சல்பேற்றுக் கரைசலைச் சுண்டக் காய்ச்சி, ஆறவிட்டு, ஓரிரவு அசையாமல் வைத்தால் மறுநாள் கிண்ணத்தின் அடியில் விளிம்பு கூர்ந்த நீலக் கட்டிகள் தெரியும். இலங்கையின் மட்டக்களப்பில், புளியந்தீவுப் பாடசாலை ஒன்றில் இந்தச் சோதனையைச் செய்யும் மாணவி தன் கொப்பியில் பளிங்குகள் உண்டாயின என்று எழுதுவாள். தஞ்சாவூரில் அதே வயது மாணவி படிகங்கள் உருவாயின என்று எழுதுவாள். ஒருத்திக்கு இது பளிங்காக்கம், மற்றவளுக்குப் படிகமாக்கல். இருவர் கிண்ணத்திலும் இருப்பது ஒரே பொருள். இருவரும் எழுதுவது ஒரே மொழி.

இந்தப் பிரிவு எப்படி வந்தது என்று தேடிப் போனால் இரண்டாயிரம் ஆண்டுப் பழைய மணிக்கடைகள், ஒரு காப்பிய மண்டபம், வாவிக்கரை ஊர் ஒன்றின் பெயர், புளியந்தீவில் படித்த ஒரு துறவி என்று பலவும் வழியில் வந்து நிற்கின்றன.

முதலில் கல். ஈரோடு மாவட்டத்தில் நொய்யலாற்றின் கரையில் இருக்கிறது கொடுமணல். பதிற்றுப்பாட்டு கொடுமணம் என்று குறிக்கும் ஊர் இதுவே என்பது ஆய்வாளர் துணிபு. 1985இல் தமிழ்ப் பல்கலைக்கழகம் இங்கே அகழ்ந்தபோது பச்சைக்கல், நீலக்கல், சூதுபவளம் ஆகியவற்றோடு நிறமற்ற பளிங்கைக் கடைந்து மணி செய்த பட்டறையின் தடயங்களும் வெளிப்பட்டன. முழுமையான மணிகளோடு பாதி கடைந்தவை, துளையிடும்போது உடைந்தவை, செதில்கள் என்று வேலையின் எல்லாப் படிகளும் மண்ணுக்குள் கிடந்தன. பளிங்கு அன்று கையால் தொட்டுத் தேய்த்து விற்கப்பட்ட சரக்கு. புலவர்கள் அதை உவமையாக எடுத்தபோது கேட்டவர்களுக்கு அந்தக் கல் தெரிந்தே இருந்தது.

அந்த உவமைகளைக் கவனித்துப் பார்த்தால் ஒவ்வொருவரும் கல்லின் வெவ்வேறு குணத்தைப் பிடித்திருக்கிறார்கள். குறிஞ்சிப்பாட்டில் கபிலர் மலைச்சுனையின் நீரைப் பளிங்கைக் கரைத்துச் சொரிந்தாற்போன்றது என்கிறார். அவர் கண்ணில் பட்டது அதன் தெளிவு. வள்ளுவர் குறிப்பறிதல் அதிகாரத்தில் இதே கல்லை எடுத்து, அருகிலிருக்கும் பொருளைத் தன்னுள் காட்டும் அதன் இயல்பைச் சொல்லி, முகமும் நெஞ்சிலுள்ளதை அப்படிக் காட்டிவிடும் என்கிறார். சைவ சித்தாந்திகள் இன்னும் ஓரடி உள்ளே போனார்கள்: சார்ந்ததன் வண்ணமாகும் உயிருக்கு, பக்கத்திலுள்ள நிறத்தை ஏற்றுக்கொள்ளும் பளிங்கே அவர்களின் சான்று.

எல்லாவற்றிலும் வியப்பானது மணிமேகலையில் வரும் மண்டபம். உவவனத்துக்குப் பூக்கொய்யச் சென்ற மணிமேகலையை உதயகுமரன் தேடி வருகிறான். தோழி சுதமதி அவளைப் பளிக்கறைக்குள் புகவைக்கிறாள். அந்த அறையில் இருப்பவரின் உருவம் வெளியே தெரியும். குரல் வெளியே வராது. அரசகுமாரன் அவள் வடிவத்தைக் காண்கிறான், வாயில் தெரியாமல் சுவரைக் கையால் தடவிக்கொண்டே சுற்றுகிறான். ஒளியை விட்டு ஒலியையும் உடலையும் மறிக்கும் ஒரு பொருளைச் சாத்தனார் இவ்வளவு துல்லியமாகக் கற்பனை செய்திருக்கிறார். இக்காதைக்குப் பெயரே பளிக்கறை புக்க காதை.

பளிங்கு இங்கே பளிக்கு ஆகியிருப்பதைப் பார்க்க வேண்டும். இரும்பு என்பது இருப்புப்பாதை என்று வருவதுபோல, கரும்பு கருப்பஞ்சாறு ஆவதுபோல, பளிங்கும் இன்னொரு பெயருக்கு அடையாக நிற்கும்போது மெல்லினம் வல்லினமாகிப் பளிக்கு என்று நின்றது. பளிக்கறை, பளிக்குமாடம். பளிங்காலானது என்ற பொருளைத் தமிழ் ஒரு காலத்தில் இப்படி ஓர் எழுத்தை மாற்றியே சொல்லிவிட்டது. இன்று பளிங்குத் தரை, பளிங்கு மண்டபம் என்று பெயரை அப்படியே ஒட்டிவிடுகிறோம். அந்தப் பழைய அடை பேச்சிலும் இல்லை, பாடநூலிலும் இல்லை.

சொல்லின் பிறப்பைப் பற்றி இரண்டு கட்சி உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி அதை வடமொழி ஸ்படிகத்திலிருந்து வந்ததாகக் காட்டுகிறது. பளபள, பளிச்சு என்ற குறிப்புச் சொற்களோடு சேர்த்துத் தமிழ் வேரே காண்போரும் இருக்கிறார்கள். பாளியில் இக்கல்லுக்குப் பளிக என்று பெயர். சிங்களத்தில் இன்றும் பளிங்கு என்றே பெயர், ஏறக்குறைய நம் உச்சரிப்பிலேயே. பேரகராதி சொல்வதை ஏற்றால் பளிங்கும் படிகமும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள்: ஒன்று பாகதமும் பாளியும் வழங்கிய வணிகப் பாதையில் முன்னமே வந்து தமிழாகிவிட்டது, மற்றது கோயிலோடும் சாத்திரத்தோடும் வந்தது. சிதம்பரத்திலும் இராமேசுவரத்திலும் நாள்தோறும் பூசை காணும் நிறமற்ற இலிங்கத்தை யாரும் பளிங்கு லிங்கம் என்பதில்லை, படிக லிங்கம் என்றே சொல்கிறார்கள். செபமாலையும் படிகமாலைதான்.

இதற்கிடையே தமிழ்நாட்டில் பளிங்கு வேறொரு கல்லுக்குப் போய்விட்டது. தாஜ்மகாலைப் பளிங்கு மாளிகை என்று எழுதி எழுதி, வெள்ளையாக வழுவழுப்பாக இருக்கும் சலவைக்கல்லே பளிங்கு என்றாகிவிட்டது. ஊடுருவித் தெரிவது என்பதே சொல்லின் உயிராக இருந்த இடத்தில், ஒளி புகாத வெண்கல் வந்து உட்கார்ந்தது. தஞ்சாவூரை அடுத்த வல்லத்தில் கிடைத்த நிறமற்ற கல்லைத் தேய்த்து மூக்குக்கண்ணாடி செய்த தொழில் பிரித்தானியர் காலம் வரை நடந்தது. அப்படிப்பட்ட தொழில்கள் போனதும் சொல்லைக் கல்லோடு கட்டிவைத்த கயிறு அறுந்தது என்றே கருத இடமிருக்கிறது. 2023இல் கீழடியில் எட்டு கிராம் எடையுள்ள நிறமற்ற எடைக்கல் ஒன்று கிடைத்தபோது தமிழ்நாட்டுச் செய்தித்தாள்கள் அதைப் படிக எடைக்கல் என்றே எழுதின. அதைப் பயன்படுத்திய வணிகர் காலத்துக்கு நெருக்கமான பாட்டுகளில் அந்தக் கல்லுக்குப் பெயர் பளிங்கு.

இனி நீர். மட்டக்களப்பு வாவியின் நீர் பளிங்குபோல் இருப்பது அரிது. ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளத்துக்குக் கிடக்கும் இந்த வாவியில் உப்பும் நன்னீரும் கலக்கின்றன. மாரியில் வெள்ளம் சேற்றைச் சுமந்து வந்து முகத்துவாரம் உடைத்துக் கடலில் விழும்வரை நீர் மண்ணிறம்தான். அதனால் தெளிவு என்பது இங்கே கண்டு மகிழும் ஒன்றாக மட்டும் இருக்கவில்லை. உண்டாக்கவேண்டிய ஒன்றாகவும் இருந்தது.

அந்த வேலையைச் செய்த மரத்தின் பெயர் ஓர் ஊருக்கே நிலைத்திருக்கிறது. மட்டக்களப்பிலிருந்து கல்முனை வீதியில் தெற்கே போனால், கடலுக்கும் வாவிக்கும் நடுவிலுள்ள நிலத்தில் வருவது தேற்றாத்தீவு. ஊரார் வாயில் தேத்தாத்தீவு. தேற்றா மரங்கள் நிறைந்திருந்ததால் வந்த பெயர். புளியந்தீவு புளியமரத்தால் பெயர் பெற்றதுபோல இது கலங்கல் தெளிவிக்கும் மரத்தால் பெயர் பெற்றது. தேற்றாங்கொட்டையை மண்பானையின் உட்புறத்தில் தேய்த்துக் கலங்கிய நீரை ஊற்றி வைத்தால் சேறு திரண்டு அடியில் தங்கும். கலித்தொகையிலேயே இந்த முறை உவமையாக வந்திருக்கிறது. அங்கே மரத்தின் பெயர் இல்லம். மிக நுண்ணிய களித்துகள்கள் ஒரேவகை மின்னேற்றத்தால் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு நீரில் மிதக்கின்றன. விதையிலுள்ள புரதமும் பசைப்பொருளும் அவற்றை இணைத்துக் கனமாக்கிவிடுகின்றன. தெளிதல் தானே நடப்பது, தேற்றுதல் பிறர் செய்வது. மரத்துக்கு வைத்த பெயரில் வேலை முழுவதும் அடங்கியிருக்கிறது.

இதே வேலைக்குப் பலர் பயன்படுத்திய இன்னொரு பொருள் படிகாரம், ஊர்வழக்கில் சீனக்காரம். ஸ்படிகம்போல் இருக்கும் காரம் என்பதால் வந்த பெயர் அது. அலுமினியம் கலந்த இந்த உப்பை நீரில் சுழற்றினால் களித்துகள்களின் மின்னேற்றம் தணிந்து அவை திரள்கின்றன. தன் உருவத்தால் பளிங்கின் பெயரைப் பெற்ற பொருளே நீருக்கும் பளிங்கின் தெளிவைக் கொடுக்கிறது. கல்லும் நீரும் ஒரே உவமையில் சேர்ந்தது கபிலரிடம். வீட்டுப் பானைக்குள் சேர்ந்தது படிகாரத்தில்.

ஆனால் தெளிந்த நீர் எல்லாம் நல்ல நீரல்ல என்பதும் இந்தக் கரைக்குத் தெரியும். 2004 சுனாமிக்குப் பிறகு கல்லடி முதலான கரையோர ஊர்களின் கிணறுகளைச் சேறு நீக்கி இறைத்தபின்னும் நீர் குடிக்க ஏலாத உவர்ப்பாகவே இருந்தது. கரைந்த உப்பு கண்ணுக்குத் தெரியாது. அது தெரியவேண்டுமானால் நீர் வற்ற வேண்டும், அப்போதுதான் அது பளிங்காகும்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். உப்பு நீரிலிருந்து கட்டியாவதைத் தமிழ்ப் பேச்சு எப்போதும் உயிருள்ளதன் செயலாகவே பார்த்திருக்கிறது. உப்பளத்தில் உப்பு விளைகிறது, சுவரில் உப்புப் பூக்கிறது. விளைந்து கட்டியானதற்குக் கல் என்ற அடை வருகிறது: கல்லுப்பு, கற்கண்டு. நூல்களில் பளிங்கு என்றும் படிகம் என்றும் எழுதிய காலம் முழுவதும் அடுப்படியில் இந்தச் சொற்களே வேலை செய்தன. வேதியியல் நூல் எழுதப் புகுந்தவர்கள் இவற்றையும் கணக்கில் எடுத்திருக்கலாம் என்ற ஆதங்கம் எழாமல் இல்லை.

அப்படி எழுதப் புகுந்தவர்களில் முன்னோடி ஈழத்தில் இருந்தார். அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் கிறீன் 1847இல் யாழ்ப்பாணம் வந்து, மானிப்பாயில் தமிழ் மாணவருக்குத் தமிழிலேயே மேலை மருத்துவம் கற்பித்தவர். அவர் முயற்சியில் உருவான இரசாயன நூல் 1875இல் வெளிவந்தது. நூலின் பெயர் கெமிஸ்தம். பாடத்தின் பெயரையே ஒலிபெயர்த்துக்கொண்ட அந்தத் தலைப்பு, அன்றைய சங்கடத்தை ஒரே சொல்லில் காட்டிவிடுகிறது. 1916இல் சேலத்தில் இராஜகோபாலாச்சாரியாரும் வெங்கடசுப்பையரும் சாத்திரப் பரிபாஷைக்கென்றே ஒரு சங்கம் தொடங்கி இதழும் நடத்தினார்கள்.

அதே 1916இல் மட்டக்களப்பு மண்ணைச் சேர்ந்த 24 வயது இளைஞர் ஒருவர் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் பண்டிதர் தேர்வில் தேறினார். அதே ஆண்டு கொழும்பில் விஞ்ஞானத் தகைமைச் சான்றிதழும் பெற்றார். காரைதீவில் 1892இல் பிறந்த மயில்வாகனம், பின்னாளில் விபுலானந்த அடிகள்.

அடிகளை வளர்த்தவை புளியந்தீவின் இரண்டு பாடசாலைகள். ஒன்று மெதடிஸ்த மத்திய கல்லூரி. 1814இல் வந்திறங்கி அடுத்த ஆண்டே உயிர்நீத்த வில்லியம் ஓல்ட் பாதிரியார் தொடக்கி வைத்தது. மற்றது புனித மிக்கேல் கல்லூரி, இயேசு சபையார் நடத்தியது. 1908இல் அங்கிருந்து கேம்பிரிட்ஜ் சீனியர் தேர்வில் தேறி, அங்கேயே ஆசிரியராகவும் இருந்தார். பின்னர் யாழ்ப்பாணம் புனித பத்திரிசியார் கல்லூரியில் விஞ்ஞானம் கற்பித்தார். 1920இல் இலண்டன் பல்கலைக்கழகத்தின் விஞ்ஞானப் பட்டம் பெற்றார். 1889இல் பத்துப்பாட்டையும் 1898இல் மணிமேகலையையும் உ.வே.சாமிநாதையர் அச்சில் ஏற்றியிருந்தார். கபிலரின் சுனையையும் சாத்தனாரின் பளிக்கறையையும் ஏட்டைத் தேடி அலையாமல் படிக்கக் கிடைத்த முதல் தலைமுறை அது. அந்தத் தலைமுறையில் சோதனைக்குழாயையும் கையில் பிடித்திருந்த தமிழறிஞர் மிகச் சிலர். அவர்களில் முதல் வரிசையில் வைக்கத்தக்கவர் அடிகள்.

1934இல் தொடங்கிய சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம் பாடசாலைகளுக்கான கலைச்சொற்களைத் தமிழிலேயே ஆக்க முனைந்தபோது, 1936இல் சென்னையில் கூடிய சொல்லாக்க மாநாட்டுக்கு அவரையே தலைவராக்கியது. அங்கே தொடங்கிய உழைப்பு 1938இல் கலைச்சொற்கள் என்ற நூலாயிற்று. அரசின் போக்கு வேறாக இருந்தது. 1940இல் வி.எஸ்.சீனிவாச சாஸ்திரியார் தலைமையில் அது அமைத்த குழு வடசொற்களின் பக்கம் சாய்ந்ததைத் தமிழறிஞர்கள் கடுமையாக எதிர்த்தார்கள். ஒரு மாணவன் கிண்ணத்தடியில் கண்ட கட்டியை என்ன பெயரால் அழைப்பது என்பது அன்று பொதுமேடைகளில் வாதாடிய விடயம்.

அடிகளின் மனம் தெளிவை ஒலியிலும் தேடியது. அதற்கும் புளியந்தீவுக்கும் பழைய உறவு உண்டு. இலங்கையின் குடியேற்ற நாட்டுச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ற் 1848இல் மட்டக்களப்பு வந்து, இரவில் தோணியேறி வாவியிலிருந்து எழும் ஓசையைக் கேட்டார். 1859இல் வெளியிட்ட நூலில் அதை வருணித்தபோது, நனைந்த விரலால் மதுக்கிண்ணத்தின் விளிம்பைத் தேய்த்தால் வரும் நாதத்தை ஒப்பிட்டு, ஒவ்வோர் ஓசையும் கலங்காமல் தனித்துக் கேட்டதை வியந்து எழுதினார். பாடும்மீன்களின் புகழ் உலகம் சுற்றியதில் இந்த வருணனைக்குப் பெரும் பங்கு. பின்னாளில் மிக்கேல் கல்லூரியின் அமெரிக்கத் துறவி அருட்தந்தை லாங் அந்த ஓசையை ஒலிப்பதிவு செய்தார். அடிகளோ நீரரமகளிர் இன்னிசைப்பாடல் என்று செய்யுளாகவே பாடினார். ஒலியின் விகிதங்களைக் கணக்கிட்டுப் பழந்தமிழ் யாழ்களை மீட்ட அவருடைய யாழ்நூல் 1947 ஜூனில் அரங்கேறியது. ஜூலையில் அவர் மறைந்தார். கல்லடி உப்போடையில் அவர் தொடங்கிய சிவானந்த வித்தியாலய வளவில் அவருடைய சமாதி இருக்கிறது.

டெனன்ற் சொன்ன மதுக்கிண்ணம் பளிங்கு அல்ல என்பதை இருபதாம் நூற்றாண்டு விஞ்ஞானம் தீர்த்து வைத்தது. 1912இல் ஜெர்மனியில் மாக்ஸ் வான் லாவே ஊடுகதிர் கொண்டு பளிங்கின் உள்ளடுக்கைத் துருவும் வழியைத் திறந்தார். பிராக் என்னும் தந்தையும் மகனும் அதை அளவைக் கலையாக வளர்த்தார்கள். அணுக்கள் ஒழுங்கான அடுக்கில் மீண்டும் மீண்டும் அமைந்திருந்தால் அது பளிங்கு. தெளிவு அதற்கு வேண்டியதில்லை. கறுத்த இரும்பு பளிங்குரு. நீர்போல் தெளிந்த கண்ணாடி பளிங்குரு அன்று, அதன் அணுக்களுக்கு அந்த ஒழுங்கு இல்லை. கபிலர் கண்ட குணம் பின்னுக்குப் போய், கண்ணால் காண முடியாத ஒரு குணம் சொல்லின் பொருளாகிவிட்டது. தமிழ்நாட்டில் பளிங்கு வெண்கல்லாக மாறியதை நினைத்தால், பொருள் மாற்றம் மக்கள் வாயில் மட்டும் நடப்பதில்லை, ஆய்வுகூடத்திலும் நடக்கிறது என்பது தெரியும்.

1950களிலும் 60களிலும் இலங்கை அரசு தாய்மொழியில் விஞ்ஞானக் கல்வியை மேலே கொண்டுபோனபோது அரசகரும மொழித் திணைக்களம் துறைதோறும் சொற்றொகுதிகளை வெளியிட்டது. இலங்கைத் தமிழ்ப் பாடநூலுக்குத் தனி முகம் வந்தது அந்த உழைப்பால்தான். ஒட்சிசன், ஐதரசன், காபன் என்று தமிழ் ஒலிக்கு இசைந்த எழுத்துகள். தமிழ்நாடு தனிமம் என்பதற்கு மூலகம், சேர்மம் என்பதற்குச் சேர்வை. இரசாயனவியல், பௌதிகவியல் என்று பாடப்பெயர்களில் வடசொல்லை வைத்துக்கொண்டு, கட்டியின் பெயருக்குப் பளிங்கைத் தேர்ந்தது இலங்கை. வேதியியல், இயற்பியல் என்று பாடப்பெயர்களைத் தமிழாக்கிக்கொண்டு, கட்டியின் பெயருக்குப் படிகத்தைத் தேர்ந்தது தமிழ்நாடு. இலங்கையில் வெண்கல்லுக்குச் சலவைக்கல், மாபிள் என்ற பெயர்கள் நிலைத்திருந்ததால் பளிங்கு விஞ்ஞானத்துக்கு வந்தபோது மாணவருக்குக் குழப்பமில்லை. பளிங்கு என்ற உடன் தாஜ்மகால் நினைவுக்கு வரும் நாட்டில் படிகமே வசதி. இரண்டு தேர்வுக்கும் நியாயம் உண்டு. ஆனாலும் குறிஞ்சிப்பாட்டு முதல் உயர்தர வகுப்பு வரை ஒரு சொல்லை ஒரே கல்லின் மேல் விடாமல் பிடித்து வைத்திருப்பது ஈழத்து வகுப்பறை என்பதைச் சொல்லிப் பெருமைப்படலாம்.

இதற்கு விலை கொடுத்தவர்கள் பிள்ளைகள். 1983க்குப் பிறகு கடல் கடந்து தமிழ்நாட்டு முகாம்களுக்குப் போய்ப் பள்ளியில் சேர்ந்த பிள்ளைகள், தமிழிலேயே படித்தும், மூலகத்தைத் தனிமம் என்றும் பளிங்கைப் படிகம் என்றும் மறுபடி படித்தார்கள். திரும்பி வந்தவர்கள் எதிர்த்திசையில் அதையே செய்தார்கள். கொழும்பிலும் சென்னையிலும் அச்சாகும் அறிவியல் பாடநூல்களின் பின்னிணைப்பில் இரு நாட்டுச் சொற்களையும் அருகருகே தரும் பட்டியல் ஒன்று சேர்ந்தால் அந்தச் சிரமம் பாதியாகும். ப வரிசையில் படிகத்துக்கு நேரே பளிங்கு என்றும், அதன் கீழே பளிக்கு என்ற பழைய அடையையும் போட இரண்டு வரி போதும்.